மடையில் சொல்லிவிட்டுப் போவது

ஜனவரி 22, வியாழன்

எழுந்ததும் முதல் வேலையாகக் கைபேசியின் சத்தத்தை அணைத்து ரவிக்கைக்குள் வைத்துக்கொண்டேன். அதற்குப் பிறகுதான் பல் துலக்கினேன். நாளைக்குக் காப்புக் கட்டு. வீடு கழுவி, கறி சமைக்கும் சட்டிகளைப் பரணில் ஏற்றி, வாசல் நிலைக்கு மஞ்சள் பூசி முடிக்கும்போது இடுப்பு விட்டுப்போயிற்று.

காபி நேரத்துக்குத் தணிகாசலம் வந்தார். என் கணவரின் தம்பி, திருவிழாக் குழுவின் செயலாளர்.

"அண்ணி, கோயில் வரலாறு இன்னும் வரலியே. ஆரணி பிரஸ்காரன் என் உயிர வாங்குறான். பி.ஏ. ஹிஸ்டரி படிச்சவங்கள ஊட்ல வச்சிகினு நான் கூகுள்ல தேடறதா?"

"தேடினா என்ன சொல்லுது?"

"நெடுங்கரை மடையம்மன்னு அடிச்சா, பக்கத்து ஊரு ஏடிஎம்மக் காட்டுது."

மதியம் உட்கார்ந்து எழுதினேன். எழுதுவதற்குப் பெரிதாக ஒன்றுமில்லை. கல்வெட்டு கிடையாது. ஏரிக்கரை ஒரே இடத்தில் திரும்பத் திரும்ப உடைந்த காலம் ஒன்று இருந்தது. அம்மன் வந்த பிறகு உடையவில்லை. அவள் எப்படி வந்தாள் என்பதில்தான் இரண்டு கதை. எங்கள் வீட்டுக் கதையில், கணவரின் முன்னோர் ஒருவருடைய கனவில் வந்தாள். காலனியில் கன்னியம்மா வீட்டுக் கதை வேறு. மதகைத் திறந்து மூடி வயல்களுக்குத் தண்ணீர் பங்கிடும் நீர்க்கட்டி, அடைத்துக்கொண்ட மடைக்குள் மூழ்கி ஒரு கல்லை வெளியே கொண்டுவந்தார்; அந்தக் கல்தான் அம்மன். இரண்டையும் எழுதிக் கணவரிடம் கொடுத்தேன். கண்ணாடி போட்டுக்கொண்டு படித்தார்.

"நீர்க்கட்டின்னு இன்னாத்துக்கு? ஒருத்தருன்னு போடு."

போட்டேன். ஒரு சொல்தானே.

கன்னியம்மா வீடுதான் இன்றைக்கும் நீர்க்கட்டி வீடு. புருஷன் போன பிறகு அவளே மதகைத் திருகுகிறாள். அந்த வீட்டுப் பேச்சை இவர் ஒரு வருடமாக இங்கே எடுக்க விடுவதில்லை. காரணத்தை எழுதப் போவதில்லை.

ஜனவரி 23, வெள்ளி

காப்புக் கட்டியாயிற்று. கையில் மஞ்சள் நூல் ஈரமாகவே இருக்கிறது.

ஏரி நிறைந்து கிடக்கிறது. மடைக்கு மேலே அம்மன் சன்னதி, கீழே தண்ணீருக்குள் இறங்கும் படிகள். முதல் காப்பு எங்கள் வீட்டுக்கு, புருஷன் பெண்டாட்டி இருவருக்கும். அடுத்தது மடைக்காப்பு, நீர்க்கட்டி வீட்டுக்கு. பிறகு வீட்டுக்கு ஒருவர். பூசாரி எங்களுக்கெல்லாம் மந்திரம் சொல்லிக் கட்டிவிட்டார். கன்னியம்மாவுக்கு மட்டும் நூலை உள்ளங்கையில் போட்டார். அவள் ஒரு முனையைப் பல்லால் கவ்வி இழுத்துத் தானே முடிந்துகொண்டாள். எல்லா ஆண்டும் அப்படித்தான் நடக்கிறது. இந்த ஆண்டுதான் நான் பார்த்தேன்.

இனித் தெப்பம் முடியும்வரை காப்புக் கட்டியவர்கள் ஏரி எல்லையைத் தாண்டி ஓர் இரவு தங்கக் கூடாது. யார்மீதும் கை ஓங்கக் கூடாது. அந்தக் காலத்தில் கரை உடைந்தால் மண் கொட்ட ஆள் வேண்டும் என்று ஏற்பட்ட கட்டு என நினைக்கிறேன். தவிர்க்க முடியாமல் போகவேண்டியவர்களுக்கு ஒரே ஒரு வழி உண்டு. காலைப் பூசை முடிந்ததும் மடைக்கல்லில் நின்று, யாரிடம் போகிறோம், அவர் பேர் என்ன, நமக்கு என்ன உறவு என்று கரைமேல் நிற்கிறவர்களுக்குக் கேட்கும்படி அம்மனிடம் சொல்லவேண்டும். பூசாரி காப்பை அவிழ்த்து மதகுக் கம்பியில் கட்டிவிடுவார். மடையில் சொல்லிவிட்டுப் போவது என்பார்கள். பொய் சொன்னால் கரை நிற்காது என்பது நம்பிக்கை. போன வருடம் சபாபதி அங்கே நின்று, "எம் பொண்டாட்டி கோச்சிகினு அவங்கம்மா ஊட்டுக்குப் போய்ட்டா ஆத்தா, கூட்டியாரப் போறேன்" என்றதும் கரையே சிரித்தது. இன்னும் அவரை 'கூட்டியாரன்' என்றுதான் கூப்பிடுகிறார்கள்.

திரும்பும்போது பூசாரியின் மனைவி என் மகளைப் பற்றிக் கேட்டாள். "பாப்பா வரலியா சிங்கப்பூர்லேர்ந்து?"

"லீவு கிடைக்கலயாம்."

எவ்வளவு சுலபமாக வருகிறது வாயில்.

ஜனவரி 24, சனி

மாட்டுக்கொட்டகைக்குப் பின்னால் நின்றுதான் பேச முடிந்தது.

"அம்மா, ஆஸ்பத்திரில சேர்த்துட்டாங்க. பயப்படாத. பிரஷர் ஏறிடுச்சாம். கால் ரெண்டும் பூசணிக்கா மாதிரி இருக்கு."

"தலை வலிக்குதா? கண்ணு மங்கலா தெரியுதா?"

"நீ எப்ப டாக்டருக்குப் படிச்ச?"

சிரித்தாள். சிரிப்பு பாதியில் நின்றுவிட்டது.

எழுதிவிடுகிறேன். இந்த நோட்டை என்னைத் தவிர யாரும் எடுப்பதில்லை. என் மகள் சிங்கப்பூரில் இல்லை. பஸ் ஏறினால் இரண்டு மணி நேரத்தில் வேலூர், அங்கே இருக்கிறாள். போன வருடம் கன்னியம்மாவின் மகன் விமல்ராஜைப் பதிவுத் திருமணம் செய்துகொண்டாள். எனக்கும் கணவருக்கும் கன்னியம்மாவுக்கும் தவிர ஊரில் யாருக்கும் தெரியாது. விமல் யாரோ மெட்ராஸ் பெண்ணைக் கட்டிக்கொண்டான் என்று ஊர் நம்புகிறது. என் மகள் கப்பல் கம்பெனியில் கணக்குப் பார்க்கிறாள் என்று நம்புகிறது. அவள் பேரை வீட்டில் சொல்லக்கூடாது என்று இவர் சொன்னார். நானும் சொல்வதில்லை; இதோ, எழுதவும் இல்லை.

இப்போது அவளுக்கு எட்டாம் மாதம் முடியப் போகிறது.

"பிரசவ வார்டுக்குள்ள ஆம்பளைங்கள விட மாட்டேங்கிறாங்கம்மா. அவரு வெளியில மரத்தடியில உக்காந்திருக்காரு. கூட ஒரு பொம்பளை இருக்கணும்னு நர்ஸ் திட்டிகிட்டே இருக்காங்க. அத்தை வர்றேன்னு சொன்னாங்க. அவங்களுக்கும் காப்புக் கட்டியாச்சாமே?"

"ஆமாம். எனக்கும்."

"தெரியும். நான் உன்னக் கூப்பிடலயே" என்றாள்.

நான் அவளோடு பேசுவது கணவருக்குத் தெரியாது.

ஜனவரி 25, ஞாயிறு

கரைக்கு மண் போடும் நாள். ஏரியிலிருந்து வீட்டுக்கு ஒரு கூடை வண்டல். நானும் சுமந்தேன், சேலை ஓரமெல்லாம் சேறு. தணிகாசலம் ஒலிபெருக்கியில் பேர் வாசித்துக்கொண்டிருந்தவர், நடுவில் மைக்கை மூடிக்கொண்டு என்னைக் கூப்பிட்டார்.

"அண்ணி, தெப்பத்தன்னைக்குப் பாப்பாவ வீடியோ கால்ல கூப்புடுங்க. பெரிய ஸ்கிரீன் வெக்கிறோம். சிங்கப்பூர்லேர்ந்து நேரலைன்னு போட்டுடலாம்."

"அவளுக்கு டூட்டி இருக்கும்."

"ராத்திரிக்குக் கூடவா டூட்டி? சித்தப்பா கூப்புட்டா வரமாட்டாளா? நானே பேசறேன், நம்பர் குடுங்க."

"பார்க்கிறேன்" என்று கூடையைத் தூக்கிக்கொண்டேன்.

அவர் கெட்டவர் இல்லை. எனக்குக் காய்ச்சல் என்றால் முதலில் ஆட்டோ கொண்டுவந்து நிறுத்துகிறவர் அவர்தான். ஆனால் எங்கள் மேட்டுத்தெரு ராஜகோபால் வீட்டுப் பெண் காலனிப் பையனோடு போனபோது, பைக்கில் ஆள் திரட்டிக்கொண்டு தேடப் போனவரும் அவர்தான். பெண்ணைக் கொண்டுவந்துவிட்டார்கள். அந்தப் பையன் இப்போது ஒரு காலை இழுத்து நடக்கிறான். திரும்பி வந்த அன்று என் கையால்தான் காபி வாங்கிக் குடித்தார். சர்க்கரை போதவில்லை என்றார். இன்னொரு ஸ்பூன் போட்டேன்.

ஜனவரி 26, திங்கள்

இன்று போன் வரவில்லை. கோயிலுக்கு வடைக்கு உளுந்து அரைத்தேன்.

ஜனவரி 27, செவ்வாய்

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

காலைப் பூசை முடிந்து பூசாரி தீபம் காட்டினார். முதல் காப்பு வீடு என்பதால் நானும் கணவரும் மடையை ஒட்டி நின்றோம். என் கையில் தேங்காய்த் தாம்பாளம். காலனி ஆட்கள் நிற்கும் பக்கத்திலிருந்து கன்னியம்மா இறங்கி வந்து மடைக்கல்லில் ஏறி நின்றாள். அவள் போகக் கேட்பாள் என்று நான் எதிர்பார்க்கவே இல்லை. நீர்க்கட்டி வீட்டில் யாரும் காப்பு நாளில் போனதாக நினைவில்லை.

"யாருகிட்ட போற?" என்றார் பூசாரி.

"எம் மருமவகிட்ட. மாசமாக் கீறா. ஆஸ்பத்திரில சேத்துக்கீது. கூட யாருமில்ல."

"பேரு?"

கன்னியம்மா தண்ணீர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

"பேரு சொல்லு கன்னியம்மா. ஆத்தா காத்துகினு கீறா. எனக்கும் பசிக்குது."

கரையில் சிரிப்பு.

"பேர நான் சொல்லக்கூடாது" என்றாள். "பெத்தவ வந்து சொல்லட்டும்."

"மருமவ பேரே தெரியாதா?" என்று யாரோ கத்தினார்கள். "மெட்ராஸ்காரி பேரு வாய்ல நுழையலபோல!"

"ஸ்வீட்டி, பியூட்டின்னு இன்னாத்தையாவது சொல்லிட்டுப் போம்மா!" இது சபாபதி. அவரும் ஒருநாள் இன்னொருவரைக் கேலி செய்ய ஆசைப்படமாட்டாரா.

எல்லோரும் சிரித்தார்கள். கன்னியம்மா சிரிக்கவில்லை, கோபப்படவும் இல்லை. தண்ணீரைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "பொய்ப் பேரச் சொல்லிட்டு இந்த மடைய நான் எந்தக் கையால தொறக்கறது?"

பேர் சொல்லாமல் காப்பை அவிழ்க்க முடியாது என்று பூசாரி கையை விரித்தார். அவள் காப்போடு படியேறிப் போனாள். போகும்போது என்னைப் பார்த்தாளா என்று எனக்குத் தெரியவில்லை. நான் தாம்பாளத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அதில் தேங்காய் மூடி ஒன்று இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாக உருண்டுகொண்டே இருந்தது. கணவர் அதை எடுத்துக் கவிழ்த்து வைத்தார்.

ஆக, என் மகளுக்கு இரண்டு தாய். இரண்டு பேரும் இங்கே.

மதியம் இவர் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார். "இந்த வருஷம் பனி ஜாஸ்தி" என்றார். நான் மோர் ஊற்றினேன். "வேலூர்ல இன்னும் ஜாஸ்தியா இருக்கும்" என்றார். திடீரென்று எதற்கு வேலூர்ப் பனியைப் பற்றிப் பேச்சு என்று தெரியவில்லை. கை கழுவப் போய்விட்டார். சோறு அப்படியே இருந்தது.

ஜனவரி 28, புதன்

காலை அபிஷேகத்துக்கு ஏரித் தண்ணீர் எடுப்பது எங்கள் வீட்டு முறை. குடத்தை எடுத்துக்கொண்டு வழக்கத்தைவிடச் சீக்கிரமாகவே போனேன். நினைத்தபடி கன்னியம்மா மட்டும் இருந்தாள். மதகுக் கம்பிக்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தாள். நானும் அவளும் ஒரே வயது. நான் அவளை நீ என்பேன், அவள் என்னை நீங்க என்பாள்.

"நேத்து ஊர் முன்னாடி என்னை மாட்டிவிடப் பார்த்தியா?" என்றேன்.

"மாட்டிவுடணும்னா பேரச் சொல்லியிருப்பேன்மா. அதுக்கு எவ்ளோ நேரம் ஆவும்?"

"அப்ப எதுக்குப் பெத்தவள இழுத்த?"

எண்ணெய்த் துணியைக் கீழே போட்டாள். "வேற இன்னா பண்ணச் சொல்றீங்க? நான் அந்தப் பேரச் சொன்னா, காலனிக்காரி மேட்டுத்தெருப் பொண்ணு பேர மடையில நின்னு கூவுனான்னு ஆவும். எம் புள்ளய உசுரோட வுடுவாங்களா? நீ சொன்னா, மக பிரசவத்துக்கு அம்மாக்காரி போறா. அவ்ளோதான்."

முதல் தடவையாக என்னை நீ என்றாள். அவளுக்கே தெரிந்திருக்காது.

"அவ்வளவுதானா? தணிகாசலத்தை உனக்குத் தெரியாதா?"

"தெரியாம இன்னா? பயமாத்தான் கீது. உனக்கு மட்டுமா பயம்?"

குடத்தை முக்கினேன். நிறைந்ததும் படியில் தூக்கி வைத்தேன்.

"போன வாரம் வாய்க்கு இன்னா புடிக்குது பாப்பான்னு கேட்டேன்" என்றாள். "அம்மா வெக்கிற வத்தக்கொழம்புன்னுச்சி. உப்பே சேக்கக் கூடாதுன்னு டாக்டர் சொல்லிக்கீறாரு, இவளுக்கு வத்தக்கொழம்பு!"

என்னிடம் என் மகள் அதைக் கேட்கவில்லை. ஒரு வருடமாக என்னிடம் எதையுமே கேட்டதில்லை. நல்லா இருக்கியா, நல்லா இருக்கேன். அதோடு சரி. நான் அதைப் பக்குவம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

மாலை அவளே கூப்பிட்டாள். வெள்ளிக்கிழமைவரை மாத்திரையில் பார்ப்பார்களாம். பிரஷர் இறங்காவிட்டால் அன்றே வயிற்றைக் கீறிக் குழந்தையை எடுத்துவிடுவார்களாம்.

"நான் நாளைக்குக் காலைல வரட்டுமா? ஆரணிக்கு நகை அழிக்கப் போறேன்னு சொல்லிட்டு வந்துடுவேன். விளக்கு வைக்கிறதுக்குள்ள திரும்பிடலாம்."

பக்கத்துப் படுக்கையில் ஒரு குழந்தை அழுகிற சத்தம் கேட்டது.

"அப்படி வர்றதா இருந்தா வராதம்மா" என்றாள். "நீ வந்துட்டுப் போயிட்டா, அதுக்கப்புறம் நான் உன் முகத்தையே தேடிகிட்டு இருப்பேன். இங்க எல்லாருக்கும் அம்மா ராத்திரியில கீழ பாய் போட்டுப் படுத்துக்கறாங்க."

கோபமாகச் சொல்லவில்லை. வானிலை சொல்வதுபோலச் சொன்னாள்.

ஜனவரி 29, வியாழன்

பிரஸ்ஸிலிருந்து திருவிழா மலர் வந்துவிட்டது. வழவழ அட்டை. என் பெயரும் போட்டிருக்கிறார்கள்: 'தொகுப்பு: திருமதி புவனா ஏகாம்பரம், பி.ஏ.' தணிகாசலம் கட்டுக் கட்டாக இறக்கிவைத்துவிட்டு நாற்காலியை என் பக்கம் இழுத்துப்போட்டு உட்கார்ந்தார்.

"அண்ணி, அந்தக் கன்னியம்மா அன்னைக்குப் பேசும்போது யாரப் பாத்துப் பேசிச்சி?"

"தண்ணியப் பார்த்து."

"எனக்கு என்னமோ நம்ம பக்கம் பாத்த மாதிரி இருந்துச்சி. பெத்தவ வந்து சொல்லணுமாம். பெத்தவ எங்க கீறா? மெட்ராஸ்லயா, இந்தக் கரை மேலயா?" சிரித்தார். கண் சிரிக்கவில்லை. "விசாரிக்கச் சொல்லிக்கீறேன். பசங்க ரெண்டு பேர் வேலூர் போறானுங்க. அந்த விமல் பய அங்கதான் எதோ கம்பெனில கீறானாம். தெப்பம் முடியட்டும்."

"எதுக்குங்க இந்த நேரத்துல?" என்றேன். குரல் சரியாகத்தான் வந்தது என்று நினைக்கிறேன்.

"ஊரு விசயம் அண்ணி. நீங்க காபி போடுங்க."

போட்டேன். கொடுத்தேன். குடித்துவிட்டுப் போனார்.

அதன் பிறகு அடுப்படியில் வெகுநேரம் சும்மா நின்றேன். இத்தனை நாளும் காப்பைச் சாக்காக வைத்துக்கொண்டிருந்தேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன். அம்மன் விடமாட்டாள், கட்டு விடாது. உண்மையில் அம்மன் ஒரு வழி வைத்துத்தான் இருக்கிறாள். எனக்குத்தான் அந்தக் கல்லில் ஏற மனமில்லை. வாயைத் திறக்காமல் இருந்தால் மகளைக் காப்பாற்றுகிறேன் என்று நினைத்தேன். இப்போது அவளைத் தேடியே ஆள் போகிறது. அவர்கள் கண்டுபிடித்து வந்து சொன்னால் அது ஓடிப்போன பெண்ணின் கதை. அதற்கு முன்னால், முதல் காப்புக் கட்டிய நான் என் வாயால் சொன்னால் அது வேறு. எவ்வளவு வேறு என்று தெரியாது. ஞாயிற்றுக்கிழமை தெப்பம் முடியும்வரை யாரும் கை ஓங்க மாட்டார்கள். அதற்குப் பிறகு என்ன ஆகும் என்றும் தெரியாது. ஆனால் ஊர் முன்னால் அம்மனிடம் சொல்லிவிட்டுப் போன உறவை இல்லை என்று சொல்ல, இந்தக் கரையில் மண் போட்ட எவருக்கும் வாய் சுலபமாக வராது. சபாபதியைக் கேலி செய்தார்கள். அவர் பெண்டாட்டி அவர் பெண்டாட்டி இல்லை என்று யாரும் சொல்லவில்லை.

தனியாகப் போகவும் முடியாது. நான் சொல்லிவிட்டுப் போய்விட்டால் இங்கே அந்தப் பேச்சுக்கெல்லாம் பதில் சொல்ல மிஞ்சுவது கன்னியம்மா ஒருத்திதான். சம்பந்தி என்று எழுதிப் பார்க்கிறேன். கை கூசத்தான் செய்கிறது. பொய் எழுத இவ்வளவு கூசவில்லை.

மாலை இவர் வயலிலிருந்து வந்து கூடத்தில் உட்கார்ந்தார்.

"ரெண்டு நாளா நீ சாப்புடல" என்றார்.

"நீங்களும்தான்."

துண்டால் முகத்தைத் துடைத்தார். துடைத்து முடித்த பிறகும் துண்டை எடுக்கவில்லை. "நாளைக்கு வெள்ளிக்கெழம. மடையில கூட்டம் ஜாஸ்தியா இருக்கும்" என்றார் துண்டுக்குள்ளிருந்து.

"ஆமாம்" என்றேன்.

வேறு எதுவும் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை. சொன்னால் வேண்டாம் என்பார். வேண்டாம் என்று இவர் சொல்லிவிட்டால், இருபத்தைந்து வருடப் பழக்கம், நான் சரி என்றுவிடுவேன். அதனால் இவரும் நாளைக்கு எல்லோரோடும் சேர்ந்துதான் கேட்பார்.

குக்கரில் சோறு வெந்துகொண்டிருக்கிறது. விசில் வருவதற்குள் எழுதி முடிக்கவேண்டும்.

நாளைக் காலை தீபம் காட்டியதும் தாம்பாளத்தை இவர் கையில் கொடுத்துவிட்டு மடைக்கல்லில் ஏறுவேன். பூசாரி, யாரிடம் போகிறாய், பேர் என்ன, என்ன உறவு என்று கேட்பார். தணிகாசலம் மைக்கோடு பத்தடி தள்ளி நிற்பார். நான் தண்ணீரைப் பார்க்கப் போவதில்லை. கரையைப் பார்த்துச் சொல்லப் போகிறேன். இலக்கியா. என் மகள். கன்னியம்மா வீட்டு மருமகள். வேலூரில் பிரசவத்துக்கு இருக்கிறாள். எனக்கும் என் சம்பந்திக்கும் காப்பை அவிழ்த்துவிடுங்கள்.